பனி இல்லாத பஞ்சாங்கம்

அன்று திங்கட்கிழமை. ரொட்டி சானாயின் கடைசித் துண்டைப் பருப்புக் குழம்பில் முக்கி வாய்க்குக் கொண்டுபோகும் நேரம் பார்த்துக் கைப்பேசி அடித்தது. திரையில் சரவணன் பெயர்.

"எடுக்காதீங்க," என்றாள் என் மனைவி லெட்சுமி. "திட்டத்தான் கூப்புடுறாரு. சாப்ட்டு முடிச்சிட்டுத் திட்டு வாங்கலாம்."

எனக்குத் திட்டு சூடாக இருக்கும்போதே வாங்கிவிட வேண்டும். எடுத்தேன்.

"சார்... இங்க கேட்டு பூட்டிக் கெடக்கு சார்."

"எந்த கேட்டு தம்பி?"

"பெர்மிட் ஆபீஸ் கேட்டு. நான் மட்டும் இல்ல, எங்க ஊர்க்காரங்க இன்னும் நாலஞ்சு பேரு நிக்கிறாங்க. உள்ள ஈ காக்கா இல்ல. பண்டிகைதான் நேத்தே முடிஞ்சு போச்சே சார். இன்னிக்கு ஏன் தெறக்கல?"

நான் உடனே பதில் சொல்லவில்லை. வாய் நிறைய ரொட்டி இருந்தது ஒரு காரணம். இன்னொரு காரணம், அந்தக் கேள்வியை நான் முன்பே எழுதியிருந்தேன். என் நாவலில் ஒரு மன்னன் பூட்டிய கோட்டைக் கதவுக்கு முன்னால் நின்று அதையேதான் கேட்கிறான். 'இதை யாரும் நம்ப மாட்டார்கள்' என்று அந்த அத்தியாயத்தின் ஓரத்தில் சிவப்பில் குறித்து அனுப்பியவர் யார் தெரியுமா? இதே சரவணன்.

அவர் யார், நான் யார்

இந்தத் தொடரைத் தவறாமல் படிப்பவர்களுக்கு நான் யாரென்று தெரியும். புதிதாக வந்தவர்களுக்குச் சொல்கிறேன்: கோலாலம்பூரை அடுத்த கிள்ளானில் காப்புறுதி முகவர். ரவாங்கிலிருந்து சாலாக் செலாத்தான் வரை என்னைக் கண்டால் எதிர்த் திசையில் நடப்பவர்கள் உண்டு. பையிலிருந்து பாலிசி வருமா, என் நாவல் வருமா என்று அவர்களுக்குப் பயம். இரண்டில் பாலிசியே தேவலை என்று பலர் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். என் முன்னேற்றத்தில் இலக்கியத்தின் பங்கு அவ்வளவுதான்.

நான் எழுதுவது மாய உலகக் கதைகள். டிராகன் இல்லை, முதலை உண்டு. என் உலகத்தின் பெயர் அலையாத்தி. கிள்ளான் ஆற்றோரம் சேற்றில் வேரை நீட்டி நிற்கிறதே, அந்த மரத்தின் பெயர்தான். ஏழு ஆறுகள், நான்கு இனத்தார், ஒரு படகோட்டிப் பெண், அவளைப் பின்தொடரும் வெள்ளை முதலை. அதற்கு மேல் சொன்னால் லெட்சுமி கொட்டாவி விடுவாள், நீங்களும் விடலாம்.

சரவணன் தமிழ்நாட்டுப் பிள்ளை. கணினி வேலைக்காக வந்து, பிரிக்ஃபீல்ட்ஸில் ஓர் அடுக்குமாடியில் அறையெடுத்துத் தங்கியிருந்தார். உட்கார்ந்திருப்பது இங்கே, வேலை மட்டும் சென்னை அலுவலகத்துக்கு. அதனால் அவருக்கு அவர்கள் காலண்டர்தான். நாங்கள் தூங்கும் விடுமுறையில் அவர் வேலை செய்வார். அவர் லீவில் இருக்கும்போது நாங்கள் நெரிசலில் நிற்போம்.

சென்னையில் ஒரு சின்னப் பதிப்பகத்துக்கு அவர் கைப்பிரதி படித்துத் திருத்திக் கொடுப்பவரும்கூட. பதிப்பக முதலாளியை 'ஐயா' என்பார். அதனால் நானும் ஐயா என்றே சொல்கிறேன். என் கைப்பிரதியைச் சரவணன் எல்ஆர்டி ரயிலில் படித்துக்கொண்டு போய், இறங்க வேண்டிய நிலையத்தைத் தவறவிட்டாராம். என் எழுத்தால் ஒருவர் வழி தவறியது அதுதான் முதல் முறை.

ஐயாவுக்கும் பிடித்துவிட்டது. இதுவரை என் நான்கு புத்தகங்களையும் நானே அச்சடித்து நானே சுமந்தவன். ஐந்தாவது, சென்னையிலிருந்து வரப்போகிறது! லெட்சுமி எங்கள் தாமான் குடியிருப்பு முழுக்கச் சொல்லிவிட்டாள். வெளியீட்டு விழாவுக்கென்று அவள் தங்கை சேலையே எடுத்து வைத்துவிட்டாள். அந்த நிலையில்தான் ஐயாவிடமிருந்து ஒரு நிபந்தனை வந்தது. கதையில் ஒரு சொல்கூட மாற்ற வேண்டாம். காலண்டரை மட்டும் மாற்ற வேண்டும்.

குதிரை ஓடும் சமையலறை

காலண்டர் என்றதும் எனக்கு எங்கள் வீட்டுக் குளிர்சாதனப் பெட்டிக்குப் பக்கத்தில் தொங்கும் குதிரைக் காலண்டர்தான் ஞாபகம் வரும். உங்கள் வீட்டிலும் தொங்கும். பெரிய சிவப்பு எண், அதைச் சுற்றிச் சீனத் தேதி, இஸ்லாமியத் தேதி, தமிழ்த் தேதி. ஒரே கட்டத்துக்குள் நான்கு பேர் குடித்தனம். சில கட்டங்களில் குட்டியாக ஒரு குதிரை ஓடும். பந்தய நாள் என்று அர்த்தம். அது குதிரைகளின் பண்டிகை என்று நம்பி, பள்ளிக்கூடம் போக மறுத்து அடி வாங்கியவன் நான். அன்று முதல் காலண்டர் என்றால் எனக்கு மரியாதை.

புத்தாண்டும் நமக்கு ஒன்றா இரண்டா? ஜனவரியில் சீனி இல்லாமல் காப்பி குடிப்பதாகச் சபதம் எடுப்பேன். உடைந்துவிடும். பரவாயில்லை, சீனப் புத்தாண்டு வருகிறது. அதுவும் போனால் சித்திரை. அதுவும் போனால் முஹர்ரம். ஒரே வருடத்தில் நான்கு முறை திருந்த வாய்ப்பு தரும் நாட்டில் நான் இன்னும் சீனி போட்டுத்தான் குடிக்கிறேன் என்றால், தப்பு காலண்டர் மேல் இல்லை.

மழை விட்டால்தான் நாளை

ஆகவே அலையாத்திக்கு நானே ஒரு பஞ்சாங்கம் செய்தேன். நாவலைவிட அதற்குத்தான் அதிகக் காலம் பிடித்தது. வாடிக்கையாளர் வீட்டு வாசலில் காத்திருந்த நேரமெல்லாம் அதற்குப் போனது. என் தொழிலில் காத்திருப்புக்குப் பஞ்சமில்லை.

அலையாத்தியில் நாள் பிறப்பது விடியலில் இல்லை. சாயங்கால மழை விட்டு, கூரையிலிருந்து கடைசிச் சொட்டு விழுந்ததும் அடுத்த நாள். மழை பெய்யாவிட்டால்? நாள் முடியாது. நேற்றே தொடரும். வறண்ட காலத்தில் ஒரே நாள் வாரக்கணக்கில் நீளும். கணவன் மனைவி சண்டையை அந்த நாளுக்குள் முடித்துவிட வேண்டும் என்பது அலையாத்திச் சட்டம். மழை இல்லாத காலத்தில் அவர்கள் ஆசை தீரச் சண்டை போட்டுக்கொள்ளலாம்.

பருவங்கள் ஐந்து. முள்பழம் விழும் காலம் (நம் டுரியான்தான்), புகை மூட்டக் காலம், மாலைமழைக் காலம், ஆறு வீட்டுக்குள் வரும் காலம், வெறும் வெயில். ஒவ்வொரு கட்டத்திலும் நான்கு இனத்தாரின் நான்கு எண்கள். ஆண்டுக்கு நான்கு புத்தாண்டு. சில கட்டங்களில் குதிரைக்குப் பதிலாக முதலைப் படம். ஏனென்று அலையாத்தியில் யாருக்கும் தெரியாது. எனக்கும் தெரியாது.

நாவலின் ஒவ்வோர் அத்தியாயமும் இந்தக் காலண்டர் தேதியோடுதான் தொடங்கும். அதாவது காலண்டரைப் பிடுங்கினால், கூரையைப் பிடுங்கிவிட்டு 'வீடு அப்படியேதான் இருக்கிறது' என்று சொல்வது மாதிரி.

வாழை இலையில் ஆறு பருவம்

பிரிக்ஃபீல்ட்ஸில் வழக்கமான வாழை இலைக் கடை. சரவணன் கைப்பிரதியை ரசத்திலிருந்து எட்ட வைத்துக்கொண்டு தொடங்கினார்.

"சார், தமிழ்ல ஆறு பருவம் இருக்கு. கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில். எவ்வளவு அழகு! அத விட்டுட்டு, முள்பழம் விழும் காலம்னு..."

"முள்பழம் அழகு இல்லியா?"

"அழகு அப்பறம் சார். தலைல விழுந்தா?"

"அதுக்குத்தான் பருவம்னு எழுதி வெச்சிருக்கேன். ஜாக்கிரதையா இருக்கணும்ல."

அவர் சிரிக்கவில்லை. "ஐயா சொல்றாரு, தமிழ்ல மாய உலகம்னா நம்ம மரபுலேர்ந்து வரணும். உங்க ஹீரோயின் முன்பனியில விடியக்காலை படகு ஓட்டுறா. மூச்சு புகையா வருது. யோசிச்சுப் பாருங்க!"

யோசித்துப் பார்த்தேன். அவள் வாயிலிருந்து புகை வந்தால் எங்கள் ஊர் வாசகர்கள் சிகரெட் என்று நினைப்பார்கள்.

"தம்பி, நான் பனியப் பாத்தது ஐஸ் கச்சாங் கிண்ணத்துல மட்டுந்தான் லா."

"சார், அலையாத்தியையும் நீங்க பாத்தது இல்லியே?"

நல்ல அடி. ஒரு கவளம் சோற்றோடு சேர்த்து விழுங்கினேன். பையன் கெட்டிக்காரன்.

அடுத்தது அந்தக் கதவு அத்தியாயம். கதை இதுதான். வடபுலத்து மன்னன் ஆற்றுநகரத்தைப் பிடிக்க வருகிறான். பண்டிகையன்று காவல் பலமாக இருக்கும் என்று காத்திருந்து, மறுநாள் சந்தைக்குக் கதவு திறக்கும்போது நுழையத் திட்டம். வீரர்கள் மீன் வியாபாரிகள் வேடத்தில் கூடையும் தலையுமாக வாசலில் நிற்கிறார்கள். கதவு திறக்கவில்லை. பண்டிகை ஓய்வு நாளில் விழுந்துவிட்டதால் அடுத்த நாள் மாற்று விடுமுறை! மன்னனுக்கு அது தெரியாது. வெயில் ஏறுகிறது, மீன் நாறுகிறது, ஈ மொய்க்கிறது, வீரர்கள் மயங்கி விழுகிறார்கள். ஒரு வாளும் உருவாமல் நகரம் தப்பிக்கிறது.

"சார், இது புரியவே இல்ல," என்றார் சரவணன். "பண்டிகை ஞாயித்துக்கெழம வந்தா, லீவு போச்சு. அவ்வளவுதானே? மறுநாள் எதுக்கு மூடுவாங்க?"

நான் இலையிலிருந்து கையை எடுத்துவிட்டேன். "போச்சா? எங்க போகும்?"

"போயிடும் சார்."

"அப்ப உங்க ஊர்ல ஞாயித்துக்கெழம பண்டிகை வந்தா திங்கக்கெழம வேலைக்குப் போவீங்களா?"

"பின்ன?"

இத்தனை வருடம் நான் நினைத்துக்கொண்டிருந்தது, சூரியன் கிழக்கில் உதிப்பது மாதிரி, ஞாயிற்றுக்கிழமை தொலைந்த விடுமுறை திங்கட்கிழமை திரும்பி வருவதும் உலக நியதி என்று. வேறு ஊர்களில் அது தொலைந்தால் தொலைந்ததுதான் என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. எனக்கு அந்த மக்களை நினைத்துக் கண் கலங்கியது. சரவணன் மிளகாய் என்று நினைத்துத் தண்ணீர் நகர்த்தி வைத்தார்.

முடிவாகச் சொன்னார்: ஆறு பருவம், ஒரே புத்தாண்டு, மறுநாள் திறக்கும் கதவு. திருத்திய பிரதி தைப்பூசத்துக்கு அடுத்த திங்கட்கிழமைக்குள் வந்தால் அச்சுக்குப் போகும். வராவிட்டால் ஐயா வேறு புத்தகத்தை எடுத்துக்கொள்வார்.

"எனக்கு உங்க புக் வரணும் சார்," என்றார். அதை மட்டும் மெதுவாகச் சொன்னார். அது உண்மை என்று எனக்கும் தெரியும். அதனால்தான் கோபம்கூடச் சரியாக வரவில்லை.

ஐஸ் பெட்டிக்குள் தலை

தைப்பூசம் அந்த ஆண்டு ஞாயிற்றுக்கிழமையில் வந்தது. மதியம் சாப்பிட்டுவிட்டு நான் மேசையில் உட்கார்ந்தேன். முதல் அத்தியாயத்தின் தலைப்பில் 'மாலைமழைக் காலம்' என்பதை அழித்து 'முன்பனி' என்று தட்டினேன். பார்க்க அழகாகத்தான் இருந்தது.

சரி, ஒரு வரி எழுதுவோம். 'அவள் குளிரில் நடுங்கினாள்.' பிறகு? குளிரில் நடுங்கினால் எங்கே நடுங்கும்? தோளா, முழங்காலா? எனக்குத் தெரிந்த ஒரே குளிர், கிள்ளான் கொமுட்டர் ரயிலின் ஏர்கோன்தான். எழுந்து போய் ஐஸ் பெட்டியைத் திறந்து தலையை உள்ளே விட்டேன்.

"என்னா பண்றீங்க?" லெட்சுமி.

"முன்பனி."

"கதவ மூடுங்க. நெத்திலி எல்லாம் இளகுது."

தலையை வெளியே எடுத்தேன். மூக்குக் கண்ணாடியில் பூத்த நீர் கன்னத்தில் வழிந்தது. பள்ளியில் படித்தது ஞாபகம் வந்தது. மின்விசிறி ஓடாத வகுப்பறையில், வேர்வை சொட்டச் சொட்ட, முன்பனி மார்கழி தை, பின்பனி மாசி பங்குனி என்று மனப்பாடம் செய்து எழுதினோம். முழு மதிப்பெண். வாத்தியாரும் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டேதான் திருத்தினார். வெளியே கொட்டும் நான்கு மணி மழைக்குத் தமிழில் ஒரு பருவப் பெயர் கேட்டு யாரும் கையைத் தூக்கவில்லை.

இத்தனை தலைமுறையாக இந்த மழையில் நனைந்தவர்கள் நாம். நான் சொந்தமாக ஓர் உலகம் செய்தேன், வானமும் நானே செய்தேன். அதிலும் இந்த மழைக்கு இடமில்லை, அந்தப் பனிக்குத்தான் இடம் என்றால், அப்புறம் எனக்கு அங்கே என்ன வேலை?

'முன்பனி'யை அழித்தேன். ஐயாவுக்கும் சரவணனுக்கும் ஒரே செய்தி எழுதினேன்: 'காலண்டர் மாறாது. பருவம் ஐந்து, புத்தாண்டு நான்கு, கதவு திறக்காது. மன்னிக்கவும்.'

லெட்சுமி தோளுக்கு மேலாக எட்டிப் படித்தாள். தங்கையின் சேலை ஞாபகம் வந்திருக்கும் என்று நினைத்தேன்.

"அந்த 'மன்னிக்கவும்' எதுக்கு? நீங்க என்னா தப்பு பண்ணீங்க?"

"மரியாதைக்கு லா."

"எடுங்க அத."

எடுத்தேன். அனுப்பினேன். கைப்பேசியைத் தலையணைக்குப் பக்கத்திலேயே வைத்துக்கொண்டேன். இரவு முழுக்கப் பதில் வரவில்லை. மழையும் வரவில்லை. அலையாத்திக் கணக்கில் ஞாயிறு இன்னும் முடியவில்லை, கெடு தேதியே இன்னும் பிறக்கவில்லை என்று எனக்கு நானே சொல்லிப் பார்த்தேன். தூக்கம் அதை நம்பவில்லை.

கேட்டுக்கு முன்னால் ஒரு மன்னன்

இப்போது அந்தத் திங்கட்கிழமைக்கும் கைப்பேசிக்கும் வருவோம்.

"தம்பி," என்றேன், ரொட்டியை விழுங்கிவிட்டு. "நேத்து தைப்பூசம் என்னா கெழம?"

"ஞாயிறு."

"இன்னிக்கு?"

அந்தப் பக்கம் அவர் என் கேள்வியை யாரிடமோ திருப்பிக் கேட்டார். பிறகு யாரோ சிரித்தார்கள். வாசலில் காவல் நிற்கும் ஜாகாவாக இருக்க வேண்டும். "நாளைக்கு வா பாஸ்!" என்று அவர் சொன்னது எனக்கே கேட்டது.

"சார்..." என்றார் சரவணன். "நான் இந்த பெர்மிட்டுக்காகச் சென்னை ஆபீஸ்ல லீவு வேற போட்டுட்டு வந்திருக்கேன் சார்."

லெட்சுமி மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தாள். லீவு நாளில் லீவு போட்ட ஒரே மனிதர்! "கையில மீன் கூடை இருக்கான்னு கேளுங்க," என்றாள். நாவலைப் படித்துக் கொட்டாவி விட்டவள் என்று நான் நினைத்திருந்தது தப்பு. கடைசிவரை படித்திருக்கிறாள்.

ரயில் பிடித்து பிரிக்ஃபீல்ட்ஸ் போனேன். அதே கடை, அதே மேசை. சரவணன் வந்தார். சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. நெற்றியில் நேற்றைய விபூதி வேர்வையில் கரைந்து மூக்குவரை இறங்கியிருந்தது. உட்கார்ந்ததும் தே ஐஸ், அதாவது ஐஸ் போட்ட தேநீர், இரண்டு கேட்டார். இரண்டும் அவருக்கே.

"என் மெசேஜ் பாத்தீங்களா?" என்றேன். அதுதான் எனக்கு முக்கியம்.

"பாத்தேன் சார். ஐயாவும் பாத்தாரு. கோவமா இருக்காரு." முதல் கோப்பையைக் காலி செய்தார். "நேத்து பத்துமலை முருகன் கோயிலுக்கு விடியக்காலை போனேன். பனி இருக்கும்னு மஃப்ளர் கட்டிக்கிட்டுப் போனேன் சார்."

"அப்பறம்?"

"குரங்கு புடுங்கிக்கிட்டுப் போயிடுச்சு."

"அதுக்காச்சும் குளிருச்சே, சந்தோஷம். தம்பி, இது என்னா மாசம்?"

"தை."

"தை என்னா பருவம்?"

அவர் என்னைப் பார்த்தார். தன் சட்டையைப் பார்த்தார். இரண்டாவது கோப்பையில் மிதந்த ஐஸ் கட்டியைப் பார்த்தார். "முன்பனி," என்றார், போலீசில் ஒப்புக்கொள்வது மாதிரி.

இருவரும் சிரித்த சிரிப்பில் பரிமாறுகிறவர் சாம்பார் வாளியோடு நின்றுவிட்டார்.

சிரித்து முடித்ததும் சரவணன் ஐயாவை அழைத்தார். ஸ்பீக்கரில் போட்டார். நிதானமான, படித்த குரல்.

"உங்க கதை நல்லாருக்குங்க. அதனாலதான் சொல்றேன். மரபுன்னு ஒண்ணு இருக்குல்ல?"

"இருக்குங்க ஐயா," என்றேன். கைப்பேசியை என் பக்கம் இழுத்துக்கொண்டேன். "மரபுல ஆறு பருவத்துக்குப் பேர் வெச்சவங்க, அவங்க ஊர் வானத்தப் பாத்து வெச்சாங்க. நானும் எங்க ஊர் வானத்தப் பாத்துத்தான் வெச்சிருக்கேன். அவங்க செஞ்சத செய்றேன். அவங்க எழுதினத பாத்து எழுதல. இதுக்கு மேல மாத்த மாட்டேங்க. புத்தகம் வராட்டியும் சரி."

கடைசி வாக்கியத்தை நான் சொல்லத் திட்டமிடவில்லை. வந்துவிட்டது. தாமான் முழுக்க என்ன சொல்வது, அந்தச் சேலையை என்ன செய்வது என்று அப்போதே மனம் கணக்குப் போடத் தொடங்கியது.

"அச்சகத்துக்கு நான் இன்னிக்கே சொல்லணும்," என்றார் ஐயா. "சரவணா, நீ என்ன சொல்ற?"

சரவணன் நெற்றியைத் துடைத்தார். "ஐயா, இன்னிக்கு முடிவு எடுக்காதீங்க. இங்க லீவு."

"லீவா? தைப்பூசம் நேத்தோட முடிஞ்சுடுச்சேப்பா!"

"அதாங்க ஐயா அந்த அத்தியாயம்," என்றார் சரவணன். பூட்டிய கேட்டையும், நாலைந்து ஊர்க்காரர்களையும், ஜாகாவின் சிரிப்பையும், குரங்கு கொண்டுபோன மஃப்ளரையும் ஒன்றுவிடாமல் சொன்னார். நான் எழுதியதைவிட நன்றாகவே சொன்னார். முடிவில் கைப்பேசியிலிருந்து ஒரு சத்தம் வந்தது. இருமலா சிரிப்பா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

மலை இருக்கட்டும்

அச்சுப் படி போன மாதம் வந்தது. பருவம் ஐந்து. புத்தாண்டு நான்கு. முதலை எந்தெந்தக் கட்டத்தில் இருக்க வேண்டுமோ அங்கங்கே இருக்கிறது. கதவு அத்தியாயத்தின் அடியில் சரவணன் ஓர் அடிக்குறிப்பு சேர்த்திருக்கிறார்: 'இந்த இடத்தை நம்ப முடியாதவர்கள், ஞாயிற்றுக்கிழமைப் பண்டிகைக்கு மறுநாள் கோலாலம்பூருக்கு வந்து ஏதாவதோர் அலுவலகக் கதவைத் தட்டிப் பார்க்கவும்.'

லெட்சுமி அதை மூன்று பேருக்குப் படித்துக் காட்டினாள். தங்கை சேலையை அலமாரியிலிருந்து எடுத்து இஸ்திரி போட்டாள்.

பிறகுதான் அட்டையைப் பார்த்தோம். ஆறு இருந்தது. படகோட்டிப் பெண் இருந்தாள். வெள்ளை முதலை இருந்தது. அவர்களுக்குப் பின்னால், கண்ணைப் பறிக்கும் வெண்மையில், வானத்தை முட்டிக்கொண்டு ஒரு பனிமலை.

'மலை இருக்கட்டும். பனியை எடுங்கள்' என்று எழுதிப் போட்டேன். பதில் வந்தது. பனி இருந்தால்தான் மாய உலகம் மாதிரி இருக்கும் என்று ஓவியர் நினைக்கிறாராம். அட்டைக்கு என் சம்மதம் நாளைக்குள் வேண்டுமாம்.

"என்னா சொல்லப் போறீங்க?" என்றாள் லெட்சுமி.

நான் சன்னலைத் திறந்து வெளியே பார்த்தேன். கிள்ளானில் மழை பெய்து வெகு நாளாகிறது. வானத்தில் ஒரு பொட்டு மேகம் இல்லை. நாளை பிறக்க இன்னும் நிறைய நேரம் இருக்கிறது.